நீதிமன்றக் கட்டளை: மீறியவர்களுக்கு என்ன நடந்தது?

2019 செப்டெம்பர் 23. செம்மலை நீராவியடிப் பிள்ளையார் ஆலய வளாகத்தில் பிக்கு ஒருவரின் பூதவுடலைத் தகனம் செய்யக்கூடாது, நாயாற்றுக் கடற்கரைப் பக்கமாகச் செய்யலாம் என்று முல்லைத்தீவு நீதிமன்றம் கட்டளையிட்டது. அன்றே, ஆலயத் தீர்த்தக்கேணிக்கு அருகில் சிதை மூட்டப்பட்டது. பொலிஸார் அங்கேதான் நின்றார்கள்.

முன்னின்றவர்களில் ஒருவர் கலகொட அத்தே ஞானசார தேரர். காணாமல் ஆக்கப்பட்ட ஊடகவியலாளர் பிரகீத் எக்னெலிகொடவின் வழக்கு நடந்த ஹோமாகம நீதிமன்றத்தில் 2016இல் நடந்துகொண்ட விதத்துக்காக, நீதிமன்ற அவமதிப்புக் குற்றத்தில் அவருக்கு 2018 ஓகஸ்டில் ஆறு ஆண்டு கடூழியச் சிறை விதிக்கப்பட்டது. 2019 மே மாதம் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன பொதுமன்னிப்பு வழங்கினார். நான்கு மாதத்தில் நீராவியடி.

இதே நாட்டில்தான், நீதிபதிகளில் பெரும்பாலானோர் ஊழல்வாதிகள் என்று சொன்னதற்காக ரஞ்சன் ராமநாயக்கவுக்கு 2021 ஜனவரியில் உயர் நீதிமன்றம் நான்கு ஆண்டு கடூழியச் சிறை விதித்தது. அவர் தன் நாடாளுமன்ற ஆசனத்தையும் இழந்தார். நீதிபதியைப் பற்றிப் பேசிய பேச்சுக்குக் கிடைக்கும் தண்டனை, நீதிபதியின் கட்டளையைக் காலால் மிதித்த செயலுக்குக் கிடைப்பதில்லை. எனது பார்வையில் வடக்கு மக்களின் பிரச்சினை இதுதான்.

நீதிவான் கட்டளை எழுதலாம். களத்தில் அதை நிறைவேற்ற வேண்டியவர்கள் பொலிஸார். அவர்கள் கைகட்டி நின்றால், பாதிக்கப்பட்ட மக்கள்தான் மனுவோடு அலைய வேண்டும். கீழ் நீதிமன்றங்களுக்கு இழைக்கப்படும் அவமதிப்பைத் தண்டிக்கும் அதிகாரத்தை அரசியலமைப்பின் 105ஆம் உறுப்புரை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு வழங்குகிறது. அது இருப்பது கொழும்பில். முல்லைத்தீவில் கூலி வேலை செய்யும் ஒருவருக்கு அந்தத் தூரமும் செலவும் என்னவென்று சொல்லத் தேவையில்லை.

குருந்தூர்மலையில் மீறியது அரச திணைக்களமே. 2022 ஜூன் 12ஆம் திகதி இருந்த நிலையே தொடர வேண்டும் என்று நீதிமன்றம் கட்டளையிட்டிருந்தது. அதன் பின்னரும் கட்டுமானம் நடந்ததாக 2023 ஓகஸ்டில் நீதிவான் ரி.சரவணராஜா தீர்மானித்தார். அவரை நாடாளுமன்ற உறுப்பினர் சரத் வீரசேகர சபையிலேயே கடுமையாகத் தாக்கிப் பேசினார். சபையில் பேசுவதை நாடாளுமன்றச் சிறப்புரிமை காக்கும். செப்டெம்பரில், உயிர் அச்சுறுத்தலைக் காரணம் காட்டி, நீதிவான் பதவி விலகி நாட்டை விட்டு வெளியேறினார். கட்டளையை மீறியவர்கள் இருந்த இடத்திலேயே இருந்தார்கள். கட்டளையிட்டவர்தான் போக வேண்டியிருந்தது.

2024ஆம் ஆண்டின் 8ஆம் இலக்கச் சட்டம் நீதிமன்ற அவமதிப்புக்கு முதன்முறையாக எழுத்தில் வரைவிலக்கணம் தந்தது. கட்டளையை வேண்டுமென்றே மீறுவதும் அதில் அடங்கும். ஆனால் 'வேண்டுமென்றே' என்பதை நிரூபிக்க வேண்டும். கட்டளை தெரியாது என்று எவரும் தப்ப இடம் வைக்கக்கூடாது.

ஆகவே காணி, ஆலயம், மயானம் தொடர்பாகக் கட்டளை பெற்றவர்கள் அதன் உறுதிப்படுத்தப்பட்ட பிரதியைக் கையில் வைத்திருங்கள். பொலிஸ் நிலையத்தில் யாரிடம், எந்தத் திகதியில் கொடுத்தீர்கள் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். மீறல் நடந்தால் திகதியோடு படம் எடுத்து, முறைப்பாட்டு இலக்கத்தைக் கேட்டு வாங்குங்கள். சட்டத்தரணிகளும், கட்டளையை நிறைவேற்றும் பொறுப்பு எந்த அதிகாரிக்கு என்பதைக் கட்டளையிலேயே குறிப்பிடுமாறு கோர வேண்டும். பார்த்துக்கொண்டு நின்ற பொலிஸ் அதிகாரியும் பதில் சொல்ல வேண்டிய நிலை அப்போதுதான் வரும்.