சுருங்கும் இராணுவமும் திறக்கப்படாத கதவும்

பாதுகாப்பு அமைச்சு 2023 ஜனவரியில் விடுத்த அறிவித்தலின்படி, 200,783 ஆக இருந்த இராணுவத்தின் அங்கீகரிக்கப்பட்ட ஆளணி 2024 ஆம் ஆண்டுக்குள் 135,000 ஆகவும், 2030 ஆம் ஆண்டுக்குள் 100,000 ஆகவும் குறைக்கப்படவிருந்தது. யுத்தம் முடிவடைந்து பதினான்கு வருடங்களாகியும் யுத்தகால அளவிலேயே பேணப்பட்டு வந்த படையொன்றைத் தாங்கும் சக்தி வங்குரோத்தடைந்த திறைசேரிக்கு இல்லை என்பதே இதற்கான பிரதான காரணமாகும். காரணம் எதுவாயினும் தீர்மானம் வரவேற்கத்தக்கதே. ஆயினும், எஞ்சப்போகும் ஒரு இலட்சம் பேர் யார், அவர்கள் எந்த மொழியைப் பேசுபவர்கள், அவர்களில் பெண்கள் எத்தனை பேர் என்னும் கேள்வி இந்த ஆட்குறைப்பு பற்றிய விவாதங்களில் அநேகமாக எழுப்பப்படவேயில்லை.

இக்கேள்வி ஏன் அவசரமானது என்பதைச் சற்று விளக்க வேண்டும். படையொன்று சுருங்கும்போது முதலில் நிறுத்தப்படுவது அல்லது மட்டுப்படுத்தப்படுவது புதிய ஆட்சேர்ப்பாகும். வயதானவர்கள் ஓய்வுபெறுவர்; அவர்களின் இடங்கள் நிரப்பப்படமாட்டா. எனவே இன்று படையில் காணப்படும் இன, மொழி, பால் அமைப்பே மேலும் ஒரு தலைமுறைக்கு உறைந்துவிடும். கடெற் அதிகாரியாக இணையும் ஒருவர் தளபதி நிலைக்கு உயர்வதற்கு முப்பது வருடங்களுக்கு மேல் செல்லும். இன்று உயர் பதவிகளில் இருப்போர் யுத்தம் உக்கிரமடைந்திருந்த காலத்தில் இணைந்தவர்கள். 2030 இல் யார் உள்ளே எடுக்கப்படுகின்றார்களோ அவர்களே 2060 இல் கட்டளையிடுவர்.

இலங்கை இராணுவம் ஆரம்பத்திலிருந்தே இன்றைய தோற்றத்தில் இருந்ததில்லை என்பதை எமது இளைய வாசகர்கள் பலர் அறிந்திருக்க வாய்ப்பில்லை. 1949 ஒக்டோபரில் இராணுவம் அமைக்கப்பட்டபோது பிரித்தானிய அதிகாரி ஒருவரே தளபதியாக இருந்தார். 1955 இல் அப்பொறுப்பை ஏற்ற முதலாவது இலங்கையர் அன்ரன் முத்துக்குமாரு என்ற தமிழராவார். 1958 இனக்கலவரத்தை அடக்குவதற்கு இராணுவம் அழைக்கப்பட்டபோது அதற்குத் தலைமை தாங்கியவரும் அவரே. கடற்படைக்கு 1960 முதல் 1970 வரை ராஜன் கதிர்காமர் தளபதியாக இருந்தார். அக்கால அதிகாரிகள் மத்தியில் பறங்கியரும் தமிழரும் கிறிஸ்தவ சிங்களவரும் தத்தமது சனத்தொகை விகிதத்தை விட அதிகமாகவே இருந்தனர். அது குடியேற்ற ஆட்சியின் எச்சம். அதுவும் ஒரு வகைச் சமமின்மையே. சிங்கள பௌத்த சமூகத்தினர் அதனைக் குறையாகக் கண்டதில் நியாயம் இருக்கவில்லை என்று நாம் கூறமாட்டோம். ஆனால் ஒரு கோணலை நிமிர்த்தப் புறப்பட்டவர்கள் அதனை மறுபுறமாக முறித்துவிட்டனர்.

1961 இல் யாழ். கச்சேரி வாசலில் தமிழரசுக் கட்சி நடத்திய சத்தியாக்கிரகம் அவசரகாலப் பிரகடனத்தின் மூலமும் இராணுவத்தின் மூலமும் முறியடிக்கப்பட்டது. அடுத்த வருடம் ஜனவரியில், பெரும்பாலும் கிறிஸ்தவர்களான இராணுவ, கடற்படை, பொலிஸ் அதிகாரிகளின் சதிப்புரட்சி முயற்சி அம்பலமாயிற்று. அவர்களுள் சிங்களவர், தமிழர், பறங்கியர் மூவகையினரும் இருந்தனர். விசாரணையில் குற்றவாளிகளாகக் காணப்பட்டவர்களை 1965 டிசெம்பரில் இலண்டன் பிரிவிக் கவுன்சில் விடுவித்தபோதிலும், அதற்குள் அரசாங்கம் தனது முடிவுக்கு வந்துவிட்டிருந்தது. சிறுபான்மையினரை நம்புவதற்கில்லை என்பதே அந்த முடிவு. 1956 இன் பின்னர் மெதுவாக ஆரம்பித்திருந்த மாற்றம் அதன் பின் வேகமெடுத்தது.

படையணிகளின் பெயர்களைப் பார்த்தாலே இந்த வரலாறு விளங்கும். சிங்க றெஜிமென்ற் உருவாக்கப்பட்டது தனிச்சிங்களச் சட்டம் வந்த 1956 இல். எல்லாளனை வென்ற துட்டகைமுனுவின் பெயர் தாங்கிய கெமுனு வோச் உருவாக்கப்பட்டது சதி முயற்சி நடந்த 1962 இல். கஜபா படையணி தோன்றியது 1983 ஒக்டோபரில், கறுப்பு ஜூலை நடந்து மூன்று மாதங்களின் பின். ஆண்டுகளின் பொருத்தம் தற்செயலாகவும் இருக்கலாம். பெயர்களின் தெரிவு தற்செயலானதல்ல. (கஜபாகு மன்னனைத் தமிழர் சிலப்பதிகாரத்தின் மூலம் கண்ணகி வழிபாட்டோடு சேர்த்து அறிவர். சிங்கள மரபோ அவனைச் சோழ நாட்டிலிருந்து பல்லாயிரம் பேரைச் சிறைப்பிடித்து வந்தவனாகவே அதிகம் நினைவுகூர்கின்றது. படையணிக்குப் பெயர் சூட்டியவர்கள் எந்தக் கஜபாகுவை மனதிற் கொண்டிருப்பார்கள் என்பதை ஊகிப்பது கடினமல்ல.) கெமுனுவின் பெயரைத் தொப்பியில் அணிந்து நிற்கும்படி ஒரு தமிழ் இளைஞனிடம் கேட்கும்போது, என்ன கேட்கின்றோம் என்பதைக் கேட்பவர்கள் உணர்ந்திருக்க வேண்டும்.

1959 இன் பின்னர் தமிழரோ முஸ்லிமோ ஒருவரேனும் இராணுவத் தளபதியாகவில்லை. கடற்படையில் கதிர்காமருக்குப் பின் நாற்பத்தேழு வருடங்கள் கழித்து, 2017 ஓகஸ்டில் ட்ராவிஸ் சின்னையா தளபதியாக நியமிக்கப்பட்டார். அந்த நியமனம் பெரிதாகக் கொண்டாடப்பட்டது. இரண்டு மாதங்களில் அவர் ஓய்வுபெற்றுச் சென்றார்.

முஸ்லிம் மக்களின் அனுபவம் தமிழரின் அனுபவத்திலிருந்து வேறுபட்டது என்பதையும் இங்கு மறைக்கலாகாது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரித்தானியரின் இலங்கை றைபிள் படையணி பெருமளவுக்கு மலாயர்களாலேயே அமைந்திருந்தது. 1873 இல் அது கலைக்கப்பட்டபோது அவர்களிற் பலர் பொலிஸ் சேவைக்குச் சென்றனர். 1990 இல் காத்தான்குடிப் பள்ளிவாசல் படுகொலையையும் வடக்கிலிருந்தான வெளியேற்றத்தையும் கண்ட கிழக்கு முஸ்லிம்களுக்கு அரச சீருடை ஒரு பாதுகாப்பாகவும் தென்பட்டது. பலர் ஊர்காவல் படையில் சேர்ந்தனர். 1996 ஜூலையில் முல்லைத்தீவு முகாமை மீட்கச் சென்று உயிரிழந்த விசேட படையணித் தளபதி பஸ்லி லாபீருக்கு நாட்டின் அதியுயர் வீரப் பதக்கமான பரம வீர விபூஷணய வழங்கப்பட்டது. தமிழ் பேசும் ஆற்றலின் காரணமாக இராணுவப் புலனாய்வுப் பிரிவில் முஸ்லிம்களும் மலாயர்களும் முக்கிய பங்கு வகித்தனர். அதற்காக உயிரையும் கொடுத்தனர். இருந்தும் 2019 உயிர்த்த ஞாயிறு குண்டுத்தாக்குதல்களின் பின்னர் அச்சமூகம் முழுவதும் சந்தேகக் கண்கொண்டு பார்க்கப்பட்டபோது இந்தத் தியாகங்கள் எவருக்கும் நினைவுக்கு வரவில்லை. தமிழ்மொழி உளவறிவதற்குத் தேவைப்பட்டது. பயிற்சிக்களத்திலும் கட்டளையிலும் அதற்கு இடமிருக்கவில்லை.

பெண்கள் விடயத்துக்கு வருவோம். இராணுவ மகளிர் படையணி 1979 இல் உருவாக்கப்பட்டது. யுத்த காலத்தில் வடக்கு கிழக்கு மக்கள் அதனைச் சோதனைச்சாவடிகளிலேயே நேரிற் கண்டனர். பெண்களைப் பெண்களே சோதனையிட வேண்டும் என்பதால் அவர்கள் அங்கு நிறுத்தப்பட்டனர். அது ஒரு முன்னேற்றமே. ஆனால் பையைத் திற, கையைத் தூக்கு என்பதற்கு மேல் சோதிப்பவருக்குத் தமிழ் தெரியாது. சோதிக்கப்படுபவருக்குச் சிங்களம் தெரியாது. பெண் சிப்பாயின் பிரசன்னம் மட்டும் பாதுகாப்பாகிவிடாது. 1996 செப்டெம்பரில் செம்மணிச் சோதனைச்சாவடியில் மறிக்கப்பட்ட பாடசாலை மாணவி கிருசாந்தி குமாரசாமி பாலியல் வல்லுறவுக்குட்படுத்தப்பட்டுக் கொல்லப்பட்டார். அவரைத் தேடிச் சென்ற தாயும் தம்பியும் அயலவரும் கொல்லப்பட்டனர். 1998 இல் அந்த வழக்கில் இராணுவத்தினருக்கு மரணதண்டனை விதிக்கப்பட்டமை அபூர்வமான ஒரு நிகழ்வாகும். பல வழக்குகள் அந்தக் கட்டத்தை எட்டவேயில்லை.

இந்தப் பின்னணியிலேயே 2012 நவம்பரில் கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்களைச் சேர்ந்த நூற்றுக்குச் சற்று அதிகமான தமிழ் யுவதிகள் இராணுவத்திற் சேர்க்கப்பட்டனர். நல்லிணக்கத்தின் அடையாளமென அரசாங்கம் அதனை வர்ணித்தது. எழுதுவினைஞர் போன்ற அலுவலக வேலை எனக் கருதியே சென்றதாக அவர்களில் சிலரது குடும்பத்தினர் கூறினர். அடுத்த மாதமே சிலர் கிளிநொச்சி வைத்தியசாலையில் அனுமதிக்கப்பட்டதும் வதந்திகள் பரவின, இராணுவம் மறுத்தது, அரசியல்வாதிகள் அறிக்கை விட்டனர். அந்த யுவதிகளின் நிலையை அவர்களது வாயாலேயே கேட்டறிய முயன்றவர்கள் மிகச் சிலரே. யுத்தம் முடிந்து மூன்றரை வருடங்கள், வீட்டில் உழைப்பதற்கு ஆண்துணை இல்லை, ஊரில் தொழில் இல்லை, நிலையான மாதச் சம்பளம் தரக்கூடிய ஒரே நிறுவனம் ஊரின் எல்லையில் முகாமிட்டிருந்த இராணுவம். அத்தகைய நிலையில் இட்ட கையொப்பத்தை விருப்பம் என்றும் கூற முடியாது, பலவந்தம் என்றும் முற்றாகக் கூற முடியாது. வன்னியில் சிவில் பாதுகாப்புத் திணைக்களத்தின் கீழ்ப் பண்ணைகளிலும் முன்பள்ளிகளிலும் வேலைக்கமர்த்தப்பட்டவர்களின் கதையும் இதுவே. முன்பள்ளி ஆசிரியைக்குப் பாதுகாப்பு அமைச்சு சம்பளம் கொடுப்பதைப் பன்மைத்துவம் என்று எவரும் பெயரிடக்கூடாது.

இதனாற்றான் எம்மவர் மத்தியில், இந்த இராணுவத்தில் நாம் ஏன் சேர வேண்டும் என்ற வாதம் வலுவாக உள்ளது. காணாமலாக்கப்பட்டோரின் தாய்மார் வீதியில் நிற்கும்போதும், வலிகாமம் வடக்கில் மக்களின் காணிகளில் ஒரு பகுதி இன்னும் படையினர் வசமிருக்கும்போதும் அந்தச் சீருடையை அணிவது துரோகம் எனக் கருதுவோரின் வேதனையை நாம் மதிக்கின்றோம். அந்த வாதத்தின் முடிவை மாத்திரம் எம்மால் ஏற்க முடியவில்லை. நாம் விலகி நிற்பதால் இராணுவம் எமது பிரதேசங்களை விட்டு விலகிவிடப் போவதில்லை. அது எம்மவர் எவரும் இல்லாத இராணுவமாக எம் மத்தியில் இருக்கும், அவ்வளவே.

வட அயர்லாந்தின் அனுபவம் இங்கு கவனிக்கத்தக்கது. அது இராணுவமல்ல, பொலிஸ். என்றாலும் பிரச்சினை ஒன்றே. சனத்தொகையில் ஐந்தில் இரண்டு பங்குக்கு மேலிருந்த கத்தோலிக்கர் பொலிஸில் சுமார் 8 சதவீதமாகவே இருந்தனர். 1999 இல் வெளியான பற்றன் ஆணைக்குழுவின் அறிக்கை, வந்து சேருங்கள் என்று அழைப்பு விடுப்பதோடு நிற்கவில்லை. பொலிஸ் சேவையின் பெயர் மாற்றப்பட்டது, சின்னம் மாற்றப்பட்டது, முறைப்பாடுகளை விசாரிக்கச் சுயாதீன அலுவலகம் இயங்கியது. 2001 முதல் 2011 வரை புதிதாகச் சேர்க்கப்படுவோரில் பாதிப்பேர் கத்தோலிக்கராக இருக்க வேண்டுமெனச் சட்டம் விதித்தது. பத்து வருடங்களில் அவர்களின் பங்கு 30 சதவீதமளவுக்கு உயர்ந்தது. பொலிஸை எதிரியாகவே கண்ட சின் பெயின் கட்சி 2007 ஜனவரியில் தனது விசேட மாநாட்டில் அதனை ஏற்றுக்கொள்ளத் தீர்மானித்தது. சட்ட ஏற்பாடு 2011 இல் கைவிடப்பட்டதும் வளர்ச்சி ஏறக்குறைய நின்றுபோயிற்று. அழைப்பு மட்டும் போதாது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

புருண்டி இன்னும் துணிச்சலான வழியைத் தெரிவுசெய்தது. சிறுபான்மை டுட்சிகளின் ஆதிக்கத்திலிருந்த அந்நாட்டு இராணுவம் 1972 இல் பெருந்தொகையான ஹுட்டுக்களைக் கொன்றது. 1993 இல் மக்கள் தெரிவு செய்த ஜனாதிபதியையே கொன்றது. 2000 ஆம் ஆண்டின் அருஷா உடன்படிக்கையும் 2005 ஆம் ஆண்டின் அரசியலமைப்பும், படைகளில் எந்தவொரு இனமும் 50 சதவீதத்துக்கு மேல் இருக்கலாகாது என விதித்தன. அதனால் அங்கு ஜனநாயகம் தழைத்துவிட்டதென நாம் கூறவரவில்லை. 2015 இன் நெருக்கடியும் அடக்குமுறையும் யாவரும் அறிந்தவை. ஆயினும் படையின் இன அமைப்பு ஓர் அரசியலமைப்பு விடயம், அது தளபதிகளின் விருப்பத்துக்கு விடப்பட வேண்டியதல்ல என்பதை அந்த ஏழை நாடு ஏற்றுக்கொண்டது.

எமது அரசியலமைப்பின் 18 ஆவது உறுப்புரை தமிழும் ஓர் அரசகரும மொழி என்கின்றது. அது உண்மையாயின் பயிற்சிக்குத் தேவையான நூல்களும் போதனையாசிரியர்களும் தமிழில் இருக்க வேண்டும். சிங்களவரான ஒவ்வோர் அதிகாரியும் பதவி உயர்வுக்கு முன் தமிழில் தேர்ச்சி காட்ட வேண்டும். சாதாரண சிப்பாய்களாகச் சில நூறு பேரைச் சேர்ப்பதை விட அதிகாரிகள் தரத்தில் தமிழ், முஸ்லிம், மலையக இளைஞர்களையும் யுவதிகளையும் எடுப்பது முக்கியமானது. பெண்களுக்குப் பாலியல் தொந்தரவு நேர்ந்தால் முறையிடும் இடம் அவர்களுடைய கட்டளை அதிகாரியின் மேசையாக இருக்கலாகாது. கடந்தகாலக் குற்றங்களுக்கான பொறுப்புக்கூறலை இவற்றுக்குப் பிந்தியதாகத் தள்ளிவைப்பதும் பயனற்றது. தனது தமையனுக்கு என்ன நேர்ந்தது என்று பதில் கிடைக்காத வீட்டிலிருந்து எவரும் மனமுவந்து படையில் சேரப்போவதில்லை.

இவை எல்லாவற்றுக்கும் முன் கணக்கு ஒன்று தேவை. முப்படைகளிலும் எத்தனை தமிழர், எத்தனை முஸ்லிம்கள், எத்தனை மலையகத்தவர், எத்தனை பெண்கள், எந்தெந்தத் தரத்தில் உள்ளனர்? 2012 குடிசன மதிப்பீட்டின்படி இச்சமூகங்கள் மூன்றும் சேர்ந்து சனத்தொகையில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கினர். ஒவ்வொரு வருடமும் வரவு செலவுத் திட்டத்தின் குழுநிலை விவாதத்தில் பாதுகாப்பு அமைச்சின் ஒதுக்கீடு பாராளுமன்றத்துக்கு வருகின்றது. வடக்கு, கிழக்கு, மலையகப் பிரதிநிதிகள் உரையாற்றுகின்றனர். பெரும்பாலானோர் காணியையும் முகாம்களையும் பற்றிப் பேசுகின்றனர். அது நியாயமே. அடுத்த விவாதத்தில் இந்த எண்ணிக்கைகளைச் சபாபீடத்தில் சமர்ப்பிக்கும்படி அவர்களில் ஒருவராவது கேட்கட்டும். 2030 க்கு எஞ்சியிருக்கும் காலம் மிகக் குறைவு.