புழுவின் "பொய்க்கால்": சொல் பொருந்துமா?

போடிநாயக்கனூரிலிருந்து மூணாறு நோக்கிச் செல்லும் மலைப்பாதை 17 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து போடிமெட்டை அடைகின்றது. அவ்விடத்தே தமிழ்நாடு முடிந்து கேரளத்தின் இடுக்கி மாவட்டம் தொடங்குகின்றது, ஏலமலையும் விரிகின்றது. எல்லையை அடுத்த ஏலத்தோட்டங்களில் உழைப்போருள் தமிழர் மிகப் பலர். ஏலச்செடியின் தண்டைக் குடையும் புழுவை மலையாளத்தார் தண்டுதுரப்பன் என்பர். தமிழர் தண்டுத்துளைப்பான் என்பர். இவ்விரு சொற்களுக்கிடையே எவரும் இடர்ப்படுவதில்லை. அவை தோட்டத்தில் பிறந்த சொற்கள். இடர் விளைவிப்பது, நூலிலிருந்து மலையேறி வந்த வேறொரு சொல். அதுவே "பொய்க்கால்" என்பது.

அந்துப்பூச்சி, வண்ணத்துப்பூச்சி ஆகியவற்றின் புழுக்களுக்குத் தலையை அடுத்துள்ள மூன்று கண்டங்களிலும் கண்டத்திற்கு ஓர் இணையாக மூன்று இணைக் கால்கள் உள்ளன. இவை மூட்டுடையன, நுனியில் ஒற்றை நகம் கொண்டன. பின்னர்ப் பூச்சி பெறும் ஆறு கால்களும் இவ்விடத்தினவே. இவை மார்புக்கால்கள். இவற்றுக்குப் பின்னே, வயிற்றுப் பகுதியின் மூன்றாம் கண்டம் முதல் ஆறாம் கண்டம் வரை நான்கு இணைகளும், கடைசிக் கண்டத்தில் ஓர் இணையுமாகப் பெரும்பாலும் ஐந்து இணைக் கால்கள் காணப்படும். இவை சதைப்பற்றானவை, மூட்டு அற்றவை, அடியில் நுண்ணிய கொக்கிகளை வட்டமாகவோ பிறை வடிவாகவோ தாங்கியிருப்பவை. ஆங்கில நூலார் "புரோலெக்" என வழங்கும் உறுப்பு இதுவே. பொய்க்கால், போலிக்கால் என்று தமிழில் எழுதப்படுவதும் இதுவே.

இலையைப் பற்றிய புழுவைக் கையால் பிரித்தெடுக்க முயன்றவர் அப்பிடியின் உரத்தை அறிவர். புழு சும்மா இருக்கும்பொழுதே கொக்கிகள் இலையில் மாட்டிக்கொண்டிருக்கின்றன. பிடியை விடுவதற்குத்தான் தசை சுருங்க வேண்டும். மனிதன் ஒன்றைப் பற்றுவதற்கு முயல்கின்றான்; புழுவோ விடுவதற்கு முயல்கின்றது. உடலின் பெரும் பாரத்தைத் தாங்கி, இலைக்கு இலை அதனைக் கொண்டு செலுத்தும் இவ்வுறுப்பைப் பொய் என்பது எங்ஙனம்?

இஃது வெறும் சொல்லாராய்ச்சி எனக் கருதுவோர் போடிமெட்டை அடுத்த தோட்டம் ஒன்றில் வாடி நிற்கும் ஏலத்தூரைப் பிளந்து நோக்குதல் வேண்டும். தண்டினுள் குடைந்து சென்று நடுக்குருத்தைக் காயச்செய்யும் புழு ஒன்று. அதனைக் கோனோகீதிஸ் பங்டிஃபெராலிஸ் என நூல்கள் நெடுங்காலம் வழங்கின. ஏலத்தை உண்ணும் இந்திய இனம் வேறானது என 2018இல் விளக்கப்பட்டு, சஹ்யாத்ரியென்சிஸ் என்னும் பெயர் இடப்பட்டது. பெயர் மாறினும் அதன் கால்கள் மாறவில்லை: மார்பில் மூன்று இணை, வயிற்றில் ஐந்து இணை. அதே தூரின் வேரை உண்ணும் வேர்ப்புழு, பாசிலெப்டா என்னும் வண்டின் குஞ்சு. அதற்கு மார்பில் மூன்று இணைக் கால்கள் உண்டு. வயிற்றில் ஒன்றும் இல்லை. கிழங்கைக் குடையும் கூன்வண்டின் புழுவுக்கோ எவ்விடத்தும் கால் இல்லை. மூன்றும் வெளிறிய நிறத்தன. மண்ணும் கழிவும் படிந்த நிலையில் நிறத்தைக் கொண்டு பிரிப்பது எளிதன்று. காலை எண்ணினால் ஐயம் நீங்கும். ஒரு கைவில்லை இருந்தால் போதும்.

ஆனால் எண்ணுமாறு கற்பிக்க வேண்டிய இடத்தில் சொல் குறுக்கே நிற்கின்றது. "கால்களை எண்ணுக" எனப் பணிக்கப்பட்ட ஊழியர், பொய்க்கால் கால் அன்று எனக் கொண்டு அவற்றை விட்டு எண்ணுவாராயின், தண்டுத்துளைப்பானுக்கும் ஆறு, வேர்ப்புழுவுக்கும் ஆறு என்றே விடை வரும். வேறுபாட்டைக் காட்டும் உறுப்பு எதுவோ, அதனையே கணக்கில் சேர்க்கவேண்டா என்று அச்சொல் அறிவுறுத்துகின்றது! பூச்சிநூற் சொற்களுள் இத்துணைத் தீங்கு செய்வது பிறிதொன்று உண்டா என்பது ஐயமே.

இப்பிழையின் விலை சிறிதன்று. தண்டுத்துளைப்பானை இளம் பருவத்தில், அது தண்டினுள் புகுமுன்னர், மேலே தெளிக்கும் மருந்தால் தடுக்கவேண்டும். வேர்ப்புழுவுக்கு மேல்தெளிப்பால் யாதொரு பயனும் இல்லை. மருந்து வேரடி மண்ணைச் சேரவேண்டும். வண்டு வெளிவரும் பருவத்தில் அதனை வலை கொண்டு பிடித்தழிப்பதும் உண்டு. பசிலஸ் துரிஞ்சியன்சிஸ் என்னும் நுண்ணுயிரின் குர்ஸ்தாகி வகை, அந்துப்பூச்சிப் புழுக்களைக் கொல்லும், வேர்ப்புழுவைத் தீண்டாது. தவறாக இனங்கண்டு செடி முழுதும் நஞ்சு தெளித்தால் பணம் வீணாவதோடு தேனீயும் மடியும். ஏலப்பூவில் மகரந்தத்தைச் சேர்ப்பவை தேனீக்களே. அவை இன்றேல் காய் பிடிப்பது அரிது. 1956இல் தொடங்கப்பெற்ற பாம்பாடும்பாறை ஏல ஆராய்ச்சி நிலையமும், 1978இல் மயிலாடும்பாறையில் அமைந்த இந்திய ஏலக்காய் ஆராய்ச்சி நிலையமும் இம்மலையிலேயே உள்ளன. ஆராய்ச்சி அருகில் இருந்தும் அதன் பயன் தோட்டத்தை எட்டுவது துண்டுத்தாளில் அச்சிடும் சொற்களின் வழியாகவே அன்றோ?

பள்ளியிலும் நிலைமை இதுவே. பொய்க்கால் என்னும் சொல்லை மாணவர் முதன்முதலில் சந்திப்பது அமீபாவைப் பற்றிய பாடத்தில். அங்கே அது பொருத்தமானதே. ஒற்றை உயிரணுவாகிய அமீபா தன் உடற்பொருளை ஒரு பக்கம் நீட்டுகின்றது. சற்றுப் பின் அந்நீட்சி மறைந்து வேறிடத்தில் வேறொன்று தோன்றுகின்றது. கால் போல் தோன்றி மறைவதைப் பொய்க்கால் என்பதில் குற்றமில்லை. "சூடோபோடியம்" என்னும் கிரேக்கச் சொல்லும் அதே பொருளது. பின்னர்ப் பட்டுப்புழுவின் பாடத்தில் அதே சொல் வரும்பொழுது, அமீபாவின் கால் போன்று பட்டுப்புழுவின் காலும் தோன்றி மறைவது போலும் என மாணவர் எண்ணினால் குற்றம் மாணவருடையதன்று. பொய்க்கால் குதிரையாட்டத்தை அறிந்த தஞ்சைப் பகுதி மாணவருக்கோ மரக்கட்டை நினைவுக்கு வரும்! ஆட்டத்தில் அம்மரக்காலே ஆடுபவரைத் தாங்குகின்றது என்பது வேறு செய்தி.

எதிர்வாதம் ஒன்று உண்டு. அதனை ஒதுக்குதல் நேர்மையாகாது. வயிற்றுக் கால்கள் மார்புக் கால்களோடு ஒரே வழியில் வந்தவை அல்ல, ஆதலின் அவை உண்மையான கால்கள் அல்ல என்பர் சிலர். 1994இல் அமெரிக்காவில் ஷான் கரோல் குழுவினர் வெளியிட்ட ஆய்வில், பூச்சிகளின் வயிற்றில் கால் முளையாதவாறு தடுக்கும் மரபணுக்கள் வண்ணத்துப்பூச்சிக் கருவின் சிற்சில இடங்களில் மட்டும் அடங்கிவிடுகின்றன என்றும், அவ்விடங்களில் இக்கால்கள் தோன்றுகின்றன என்றும் காட்டப்பட்டது. மறைந்துபோன பழங்கால் மீண்டும் முளைத்தது என்ற கருத்துக்கு இது துணை நின்றது. ஆயின் 2023இல் சிங்கப்பூர் ஆய்வாளர்கள் வெளியிட்ட ஆய்வு, இவை காலின் வழிவந்தவை அல்ல, புதிதாய்த் தோன்றிய உறுப்புகளே என முடிவு கூறியது. அம்முடிவே நிலைபெறுமாயினும் "பொய்" என்னும் அடைமொழிக்கு அதனால் நியாயம் பிறவாது. வௌவாலின் சிறகு பறவையின் சிறகோடு ஒரே வழியில் வந்ததன்று; அதனைப் பொய்ச்சிறகு என எவரும் எழுதுவதில்லை. வழிமுறையை ஆராய்வது உயர்கல்விக்கு உரியது. தோட்டத்தில் நிற்பவருக்கு வேண்டுவது, உறுப்பு எங்கே உள்ளது, எத்தனை உள்ளது என்பதே.

அங்ஙனமாயின் எச்சொல்லைக் கொள்வது? பற்றும் தொழில் நோக்கிப் "பற்றுக்கால்" என்பது அழகிய சொல்தான். ஆயின் மார்புக்காலும் உணவைப் பற்றுகின்றது. மேலும், எங்கே தேடுவது என்பதை இச்சொல் கூறவில்லை. "சதைக்கால்" தோற்றத்தைக் காட்டும். மார்புக்காலோடு இணையாய் நில்லாது. "வயிற்றுக்கால்" என்பதே ஏற்றது. மார்புக்கால், வயிற்றுக்கால் என இரண்டையும் அருகருகே எழுதினால் விளக்கம் தேவையில்லை. எண்ண வேண்டிய இடத்தைச் சொல்லே சுட்டும். நத்தை இனத்தை வயிற்றுக்காலிகள் என வழங்குவதால் மயக்கம் நேரும் என அஞ்சுவோர் உளர். அவ்வச்சம் முற்றிலும் பொருளற்றதன்று. எனினும் நத்தையின் பெயர் ஒரு வகுப்பின் பெயர். இது உறுப்பின் பெயர். நத்தையும் தண்டுத்துளைப்பானும் ஒரே பாடத்தில் வருவது அரிது. அமீபாவுக்கு உரிய சொல்லை அமீபாவுக்கே விட்டுவிடுவதால் வரும் நன்மை இச்சிறு மயக்கத்தினும் பெரிது.

நாட்டுமக்கள் வழக்கு இத்துறையில் நூலாரை விஞ்சியது என்பதற்கு ஆமணக்கின் காவடிப்புழு சான்று. அதற்கு முன்புறத்து வயிற்றுக்கால்கள் குறைந்து சிறுத்துள்ளன. ஆதலின் நடு உடலை வளைத்துத் தூக்கியே நடக்கின்றது. அவ்வளைவைக் காவடி எனக் கண்டவர் எந்நூலையும் பார்த்துச் சொல்லிடவில்லை. பொய்க்கால் என்று கற்பிப்போர் காவடி ஏன் என்பதை விளக்க இயலாது. வயிற்றுக்கால் எத்தனை எனக் கேட்போருக்கு விடை எளிது. கடுகில் வரும் ரம்ப ஈயின் புழு இதற்கு நேர்மாறானது. அதற்கு எட்டு இணை வயிற்றுக்கால்கள். அவற்றில் கொக்கிகள் இல்லை. அது அந்துப்பூச்சி இனம் அன்று; குளவி, தேனீ ஆகியவற்றின் உறவு. மேற்கூறிய நுண்ணுயிர் மருந்து அதனிடம் செல்லாது.

தமிழ்ச் சொல்லாக்க முயற்சி புதியதன்று. சேலத்தில் பரிபாஷைச் சங்கம் தோன்றியது 1916இல். மத்திய அரசின் அறிவியல் தொழில்நுட்பச் சொல்லாக்க ஆணையம் 1961 முதல் இயங்கி வருகின்றது. பட்டியலில் ஒரு சொல்லை மாற்றக் காலம் பிடிக்கும். அதுவரை ஆசிரியர்கள் செய்யக்கூடியது ஒன்றுண்டு. பட்டுப்புழுவின் படத்தை வரையும்பொழுது முன்மூன்று இணைகளுக்கு "மார்புக்கால் 3" என்றும், பின்னவற்றுக்கு "வயிற்றுக்கால் 5" என்றும் எண்ணோடு எழுதலாம். ஊழியர் வைத்திருக்கும் குறிப்பேட்டிலும் புழுவின் பெயருக்கு எதிரே இவ்விரண்டு எண்களுக்கும் இரண்டு கட்டங்கள் வரைந்துகொள்ளலாம். தண்டுத்துளைப்பானுக்கு 3, 5. வேர்ப்புழுவுக்கு 3, 0. கூன்வண்டின் புழுவுக்கு 0, 0.