டெட் போனும் பூட்டிய லோடரும்: எங்கள் நிலைப்பாடு

லோடர் ஃபைல் விவகாரத்தில் சங்கத்துக்குள் நடந்த வாக்குவாதம் உறுப்பினர்கள் அறிந்ததே. சின்னமனூர் வட்டாரத்தில் செல்போன் பழுது பார்க்கும் கடைக்காரர்களாகிய நாங்கள், சிலரது ஆட்சேபத்தைப் பதிவு செய்துகொண்டு, பெரும்பான்மை ஒப்புதலுடன் இதை வெளியிடுகிறோம்: டெட் ஆன போனை எழுப்பத் தேவையான, லோடர் உள்ளிட்ட பூட் ஃபைல்களைப் பதிவு பெற்ற எந்தக் கடைக்கும் கம்பெனிகள் தர வேண்டும்.

அப்டேட் பாதியில் நின்று, சார்ஜ் போட்டாலும் அசையாத போனில் பல நேரம் போர்டு கெட்டிருப்பதில்லை. குவால்காம் சிப்பின் ரோமிலேயே அழிக்க முடியாத அவசர வழி ஒன்று உண்டு. கம்ப்யூட்டரில் செருகினால் 9008 என்று காட்டுவது அதைத்தான். அந்த வழியில் முதலில் லோடர் ஏற வேண்டும், பிறகுதான் மற்ற ஃபைல்களை எழுத முடியும். லோடரில் கம்பெனியின் கையொப்பம் உள்ளதா என்று சிப் சரிபார்க்கும். அதில் எங்களுக்குக் குறையில்லை. ஆனால் கையொப்பமிட்ட அந்த ஃபைலையும் வெளியே விடாமல், அல்லது ஒவ்வொரு முறையும் தங்கள் சர்வரின் அனுமதியைக் கேட்க வைத்து, அந்த அனுமதியை அங்கீகார சர்வீஸ் சென்டர் கணக்குக்கு மட்டும் தருகிறார்களே, அது என்ன நியாயம்? மென்பொருள் ஏற்றினால் எழும் போனுக்கு "போர்டு மாத்தணும்" என்று சொல்ல வேண்டியிருக்கிறது. ஹைவேவிஸிலிருந்து இறங்கி வரும் எஸ்டேட் தொழிலாளி ஒரு நாள் கூலியை விட்டுத் தேனிக்கோ மதுரைக்கோ அலைய வேண்டுமா? அவர் காசு கொடுத்து வாங்கிய போன் அது, வாடகைக்கு எடுத்ததல்ல!

தகவல் திருடு போகும் என்பது கம்பெனிகளின் வாதம். அது முற்றிலும் பொய்யென்று நாங்கள் சொல்லவில்லை. கசிந்த லோடர்களால் போனின் பாதுகாப்பை உடைக்க முடியும் என்று அலெஃப் செக்யூரிட்டி ஆய்வாளர்கள் 2018-லேயே காட்டினார்கள். அவர்கள் கையில் இருந்தவையே கசிந்த ஃபைல்கள்தான் என்பதையும் கவனிக்க வேண்டும். பூட்டி வைத்தும் கசிகிறது. திருடனுக்குக் கிடைக்கிறது, பில் போடும் கடைக்காரனுக்குத்தான் கிடைப்பதில்லை. மேலும், ஆண்ட்ராய்டு 10 முதல் வந்த போன்களில் பயனர் தகவல் குறியாக்கம் ஆகியே கிடக்கிறது. எழுத மட்டும் முடிகிற, நினைவகத்தைத் துழாவ முடியாத லோடருக்குக் கையொப்பமிட்டுத் தரக் கம்பெனிகளால் முடியும். இந்த ஃபைல்களைக் கொண்டு போனின் அடையாள எண்ணான ஐஎம்இஐ-யை மாற்றுவோருக்காகவும் நாங்கள் பேசவில்லை. 2023 தொலைத்தொடர்புச் சட்டப்படி அதற்கு 3 ஆண்டு வரை சிறை, 50 லட்சம் ரூபாய் வரை அபராதம். அப்படிச் செய்பவருக்குச் சங்கத்தில் இடமில்லை.

2025 ஜூன் 20 முதல் ஐரோப்பிய ஒன்றியத்தில், பாகம் மாற்றத் தேவையான ஃபர்ம்வேர் தொழில்முறைப் பழுதுநீக்குவோருக்குப் பாகுபாடின்றிக் கிடைக்க வேண்டும் என்பது விதி. அதற்கு முந்தைய மாதம், நம் நுகர்வோர் விவகாரத் துறையிடம் போனைப் பழுது பார்ப்பது எவ்வளவு எளிது என்று மதிப்பெண் தரும் பழுதுநீக்கக் குறியீடு குறித்த குழு அறிக்கை அளித்தது. அதில் 'பழுதுநீக்கத் தகவல்' ஓர் அளவுகோல்; லோடர் ஃபைலும் அதில் சேர வேண்டும். சேராவிட்டால் அந்த மதிப்பெண் பெட்டியில் ஒட்டும் ஸ்டிக்கர்தான்.

கம்பெனிகள் அந்த ஃபைலைத் தரும் வரை, உரிமையாளர் கொண்டு வரும் டெட் போனைக் கிடைத்த லோடரால் எழுப்புவதைச் சங்கம் ஊக்குவிக்கவில்லை. அதற்காக எந்த உறுப்பினரையும் கண்டிக்கப் போவதுமில்லை.