துரைமாருக்கு எத்தனை கிலோ?

பூனாகலை மலையில் கொழுந்து பறிக்கும் பெண்ணின் நாள் தராசின் முன்னர்தான் தீர்மானிக்கப்படுகிறது. குறித்த கிலோ நிறைந்தால் ‘பேர்’, குறைந்தால் ‘அரைப்பேர்’. காலைப் பெரட்டிலிருந்து மாலை வரை அட்டைக் கடியோடு அவள் மலையில் நின்றாள் என்பதற்குக் கணக்கேட்டில் இடமில்லை. சாக்கின் எடைக்கும் இலையின் ஈரத்துக்கும் கழித்தது போக எஞ்சுவதே அவளுடைய உழைப்பு!

இதே தத்துவத்தைத் தமது உயர் அதிகாரிகளுக்கும் கடைப்பிடிப்பதாகப் பொதுக் கம்பனிகள் கூறுகின்றன. ‘செயற்றிறன் அடிப்படையிலான வேதனம்’ என்பது அதன் பெயர். பணிப்பாளர் சபை ஓர் ஊதியக் குழுவை நியமிக்கும். தமது ஊதியத்தைத் தாமே எவரும் தீர்மானிக்கலாகாது என்பது விதி. ஆகவே நிறைவேற்றுப் பொறுப்பில் இல்லாத பணிப்பாளர்கள் கூடி, நிலையான சம்பளம் இவ்வளவு, ஆண்டு இலாப இலக்கை எட்டினால் ஊக்கத்தொகை இவ்வளவு என வகுப்பர். சில கம்பனிகளில் முன்னரே குறித்த விலைக்குப் பங்கு வாங்கும் உரிமையும் உண்டு.

நல்ல நிர்வாகிக்கு நல்ல ஊதியம் வழங்கலாகாது என்று நாம் வாதிடவில்லை. தராசை யார் செய்தனர், அதில் எது நிறுக்கப்படுகிறது என்றே வினவுகிறோம்.

2022ஆம் ஆண்டை எடுத்துக்கொள்வோம். அதற்கு முந்திய ஆண்டு இரசாயன உர இறக்குமதி தடைசெய்யப்பட்டதால் விளைச்சல் வீழ்ந்தது. பின்னர் ரூபாயும் வீழ்ந்தது. மார்ச் தொடக்கத்தில் ஏறத்தாழ 200 ரூபாயாக இருந்த டொலர் மே மாதத்தில் 360ஐ எட்டியது. கொழும்பு ஏலத்தில் தேயிலையின் ரூபாய் விலை முந்திய ஆண்டைவிட ஏறத்தாழ இரு மடங்காயிற்று. கம்பனிகளின் ஏடுகளில் இலாபம் பெருகியது. இது எந்த நிர்வாகியின் திறமை? நாட்டின் வங்குரோத்து அன்றோ அந்த இலாபத்தை ஈன்றது! ஆயினும் இலாபமே அளவுகோலாயின், அதிர்ஷ்டமும் ஆற்றலாகவே எழுதப்படும். கொழுந்துக்காரிக்கோ 2021 மார்ச்சில் சம்பள நிர்ணயச் சபை வழியே கிடைத்த 1000 ரூபாய்தான். அதையும் எதிர்த்துக் கம்பனிகள் நீதிமன்றம் ஏறின. அடிப்படைச் சம்பளம் 1350 ஆக 2024 செப்டெம்பர் வரை அவள் காத்திருந்தாள். மழை பொய்த்துக் கொழுந்து குறைந்தால் அவளுக்கு அரைப்பேர். விலை ஏறினால் இலாபம் வேறொருவர் பேரில்.

‘வரவுக்குச் சம்பளம் என்பது பழைய முறை, உற்பத்தித் திறனுக்கே ஊதியம்’ என்பது கம்பனிகளின் நெடுநாள் வாதம். அந்தச் சோதனையும் நடந்தேறிற்று. 2016 கூட்டு ஒப்பந்தத்தின் 730 ரூபாயில் அடிப்படைச் சம்பளம் 500. வரவுக்கு 60, உற்பத்தித் திறனுக்கு 140, விலைப் பங்குக்கு 30. சேமலாப நிதிக்குக் கணக்கானது அடிப்படை மட்டுமே. ஊக்கம் என்ற சொல் அங்கே ஓய்வுகாலச் சேமிப்பைச் சுருக்கும் உபாயமாயிற்று.

மேலிடத்தில் அது என்ன உபாயம் ஆகிறது? 1993இல் அமெரிக்கா, பெரிய கம்பனித் தலைவர்களின் பத்து லட்சம் டொலருக்கு மேற்பட்ட சம்பளத்துக்கு வரிக்கழிவு இல்லையென்றது. செயற்றிறனோடு பிணைத்தவற்றுக்கு மட்டும் விலக்களித்தது. சம்பளம் சுருங்கவில்லை; பங்கு உரிமைகள் பெருகின. 2017இல்தான் அவ்விலக்கு நீங்கியது.

நம் மலைகளில் தீமை இன்னும் ஆழமானது. மீள்நடுகைக்குச் செலவு இன்று. பலன் பல ஆண்டுகள் கழித்து. இவ்வாண்டு இலாபத்துக்கே பரிசு என்றால், கிழட்டுச் செடியைப் பிடுங்கத் துணியும் நிர்வாகி தன் பரிசைத் தானே வெட்டிக்கொள்கிறான். குத்தகையோ 1992இலிருந்து 53 ஆண்டுகள், 2045இல் முடியும். முடிவு நெருங்க நெருங்க, நட மனம் வருமா?

லயத்தின் கதையும் அதுவே. 2014 அக்டோபர் 29ஆம் நாள் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. ஆபத்து உண்டென முன்னரே எச்சரிக்கப்பட்டிருந்த மண் அது. 2023 மார்ச்சில் பூனாகலை கபரகலையிலும் சரிவு லயங்களைத் தாக்கியது. மக்களைப் பாதுகாப்பான இடத்துக்கு மாற்றுவது செலவுப் பத்தியில் ஏறும், இலாபத்தைக் குறைக்கும், ஊக்கத்தொகையையும் குறைக்கும். மாற்றாமல் விடுவதற்கு இலாபக் கணக்கில் தண்டனை எதுவுமில்லை.

இவற்றைக் கேட்க ஆளில்லாமல் இல்லை. இந்தக் கம்பனிகளில் திறைசேரிச் செயலாளர் வசம் ஒரு ‘தங்கப் பங்கு’ இருக்கிறது. கணக்கேடுகளைப் பரிசோதிக்கும் உரிமை அதற்குண்டு. பணிப்பாளர் அனைவருக்குமான மொத்தத் தொகையை ஒரே வரியில் காட்டி முடிக்காமல், எவருக்கு, எந்த இலக்குக்கு, எவ்வளவு என்று அவர் கேட்கட்டும். அவ்விலக்குகளில் மீள்நடுகைக்கு எத்தனை ஏக்கர், அபாய நிலத்திலிருந்து மாற்றிய குடும்பங்கள் எத்தனை என்று தேடட்டும். ஒன்றுமில்லையெனின், துரைக்கும் அந்த ஆண்டு அரைப்பேர் போடச் சொல்லட்டும்.