டெம்பிள் ரன்னும் நம்ம டேமேஜர்களும்

பொட்டி தட்டுற மக்கள் எல்லாருக்கும் இந்தக் கதை ஒரு தடவையாவது வந்து சேர்ந்திருக்கும். ஆபீஸ்ல "இன்னோவேஷன் டே"ன்னு ஒண்ணு வைப்பாங்க. பீட்சா வாங்கித் தருவாங்க. மேடை ஏறுன பெரியவர் ஒரு ஸ்லைடு போடுவார். புருஷன், பொண்டாட்டி, கூடப் படம் வரையிற ஒருத்தர். மூணே பேரு. சில மாசத்துல ஒரு மொபைல் கேம் பண்ணாங்க. நூறு கோடி டவுன்லோடு! "ஆயிரக்கணக்குல இருக்கோம், நம்மால ஏன் முடியலை? நம்மகிட்ட ஐடியா இல்லை"ன்னு சொல்லி முடிப்பார். கைதட்டல். அப்புறம் எல்லாரும் சீட்டுக்குப் போய் டைம்ஷீட் நிரப்புவோம்.

அவர் சொல்ற தகவல் ஒவ்வொண்ணும் உண்மை. கதை மட்டும் பொய். அந்த ஸ்லைடுல இல்லாதது எதுன்னு ஒரு தடவையாவது யாராச்சும் எழுதி வைக்கணும். புனேல உக்காந்து இத்தனை வருஷமா ஆணி புடுங்குற நானே எழுதிடறேன்.

பொய் நம்பர் 1: சில மாசத்துல பண்ணாங்க

கீத் ஷெப்பர்ட், நடாலியா லக்கியனோவா. ரெண்டு பேரும் புரோகிராமர்கள், கணவன் மனைவி. ஆப்பிள் 2008 ஜூலையில ஆப் ஸ்டோரைத் திறந்துது. அந்த வருஷக் கடைசியிலேயே வாஷிங்டன் டிசி-யில இருந்துக்கிட்டு இமாங்கி ஸ்டூடியோஸ்னு ஆரம்பிச்சாங்க. டெம்பிள் ரன் வெளியானது 2011 ஆகஸ்ட் 4. நடுவுல இருக்குற கிட்டத்தட்ட மூணு வருஷத்தைத்தான் ஸ்லைடு போடுறவர் முழுங்கிடறார்.

அந்த மூணு வருஷத்துல என்ன பண்ணாங்க? எழுத்துகளை மாத்தி மாத்தி அடுக்குற "இமாங்கி"ன்னு ஒரு வார்த்தை விளையாட்டு. "வேர்ட் ஸ்கொயர்ஸ்"னு இன்னொண்ணு. பனியில சறுக்குற "லிட்டில் ரெட் ஸ்லெட்". நீர்யானை டைவ் அடிக்கிற "ஹிப்போ ஹை டைவ்". "ஜியோஸ்பின்". இதுல எத்தனை பேரை உங்களுக்குத் தெரியும்? எனக்கும் தேடிப் பார்த்துத்தான் தெரியும்.

2009-ல "ஹார்பர் மாஸ்டர்" ஓரளவுக்குக் கைகொடுத்துது. கப்பலுக்கு விரலால கோடு போட்டு வழி காட்டுற விளையாட்டு. ஓவியர் கிரில் சாங்கோவோட படங்கள். இதுக்கும் முன்னோடி உண்டு. அதே வருஷம் மார்ச்ல ஃபயர்மின்ட்டுங்கிற ஆஸ்திரேலியக் கம்பெனி, விமானத்துக்குக் கோடு போடுற "ஃப்ளைட் கண்ட்ரோல்" விட்டிருந்தாங்க. ஆகாயத்துல பார்த்ததைத் தண்ணியில பண்ணாங்க இவங்க.

அடுத்து 2010-ல "மேக்ஸ் அட்வென்ச்சர்". வேற்றுக்கிரகத்துக்காரங்களோட ஒரு சின்னப் பையன் சண்டை போடுற கதை. ரெண்டு கட்டைவிரலாலயும் திரையில வரைஞ்ச ரெண்டு குச்சியைப் புடிச்சு ஆட்டணும். பெரிய உழைப்பு. எதிர்பார்த்த அளவு போகலை. தொடுதிரையில ஆளை இதைவிட எளிமையா ஓட்டுறது எப்படின்னு அதுக்கப்புறம் தேடுனதுலதான் டெம்பிள் ரன் முளைச்சுது.

இந்தக் கணக்கை நம்ம ஆபீஸ்ல வச்சுப் பாருங்க. முதல் வார்த்தை விளையாட்டு ஓடலைன்னதும் ஸ்டியரிங் கமிட்டி கூடியிருக்கும். ரெண்டாவதுக்கு "லெசன்ஸ் லேர்ன்ட்"னு டாக்குமெண்ட். மூணாவதுக்கு டீமையே கலைச்சு பெஞ்ச்ல உக்கார வச்சிருப்பாங்க. நீர்யானை வரைக்கும் யாரும் போயிருக்க மாட்டோம். குரங்கு துரத்துற இடத்துக்கு எங்க போறது?

பொய் நம்பர் 2: ஐடியாதான் எல்லாம்

"ஓடிக்கிட்டே இருக்கணும், நிக்கக் கூடாது." இதான் ஐடியான்னா இது டெம்பிள் ரன்னோடது இல்லை. 2009-லயே ஆடம் சால்ட்ஸ்மன்கிறவர் "கனபால்ட்"னு ஒண்ணு பண்ணார். கோட்டு சூட்டு போட்ட ஆள் இடியுற ஊருக்கு நடுவுல மாடிக்கு மாடி தாவி ஓடுவான். ஓட்டம் தானா நடக்கும், வேகம் ஏறிக்கிட்டே போகும், நமக்கு இருக்குறது ஒரே ஒரு பொத்தான். "இருக்குறதுலயே குறைஞ்சது"ங்கிற தலைப்புல நடந்த ஒரு சோதனை முயற்சிக்காக சில நாள்ல செஞ்சது அது. 2012-ல நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகம் தன்னோட சேகரிப்புக்கு எடுத்துக்கிட்ட முதல் 14 விளையாட்டுகள்ல அதுவும் ஒண்ணு.

அப்போ இமாங்கிக்காரங்க என்னதான் பண்ணாங்க? பக்கவாட்டுல இருந்து பார்த்த ஓட்டத்தை முதுகுக்குப் பின்னாடி இருந்து பார்க்க வச்சாங்க. விரலை இடமோ வலமோ இழுத்தா திரும்பணும், மேல இழுத்தா தாவணும், கீழ இழுத்தா சறுக்கணும், போனைச் சாய்ச்சா ஓரமா ஒதுங்கிக் காசு பொறுக்கணும். அஞ்சு வயசுப் பையனுக்கும் அறுபது வயசுப் பாட்டிக்கும் சொல்லித் தராமலே வந்துரும். திரையில குச்சியும் இல்லை, பொத்தானும் இல்லை. மேக்ஸ் அட்வென்ச்சர்ல கைவலிக்கக் கத்துக்கிட்ட பாடம் இது.

முடிவில்லாத பாதைன்னு சொல்றோம்ல, உண்மையில அப்படி ஒரு பாதை கிடையாது. நேரா ஒரு துண்டு, இடது திருப்பம் ஒரு துண்டு, வலது திருப்பம் ஒண்ணு, வேர் குறுக்கே கிடக்குறது ஒண்ணு, பாலம் உடைஞ்சது ஒண்ணு. இந்த மாதிரித் துண்டுகளை ஓடுறவனுக்கு முன்னாடி கோத்துக்கிட்டே போகணும், பின்னாடி போனதை எடுத்துத் திரும்ப முன்னாடி போடணும். ரயில் முன்னாடி போகப் போக, பின்னாடி இருக்குற தண்டவாளத்தைக் கழட்டி முன்னாடி மாட்டுற மாதிரி. அன்னைக்கு இருந்த போனுக்கு மெமரி எவ்வளவு? தொண்ணூறு டிகிரித் திருப்பம் வந்தா அதுக்கு அந்தப் பக்கம் இருக்குறது முழுசாக் கண்ணுல படாது. வரைய வேண்டியதும் கம்மி, "அடுத்தது என்ன?"ங்கிற படபடப்பும் கூடுது.

இதெல்லாம் கோர்க்கத் தெரிஞ்சா மட்டும் பத்தாது. ரெண்டு தடையை எவ்வளவு கிட்டக்க வச்சா மனுஷனால தாண்ட முடியும்? திருப்பத்துக்குக் கொஞ்சம் முன்னாடியே விரலை இழுத்துட்டா மன்னிச்சு விடணுமா, சுவத்துல மோத விடணுமா? விழுந்தவன் மறுபடி ஓட ஆரம்பிக்க எத்தனை நொடி? இந்தக் கேள்விக்கெல்லாம் பிரெய்ன்ஸ்டார்மிங் ரூம்ல மஞ்சள் சீட்டு ஒட்டிப் பதில் வராது. பண்ணி, விளையாடி, கடுப்பாகி, மாத்தி, திரும்ப விளையாடித்தான் வரும். சாமி சிலையைத் திருடிட்டு ஓடுறவனைத் துரத்துறதுங்கிற கதை நம்ம ஊருக்கு ஒண்ணும் புதுசில்லை. கதைப் பஞ்சத்தாலயா நம்ம பண்ணாம விட்டோம்? :-)

ஐடியாவைச் சுட்டா போதும்னு நினைச்சவங்களும் இருந்தாங்க. டெம்பிள் ரன் ஆண்ட்ராய்டுக்கு வர்றதுக்கு முன்னாடியே "டெம்பிள் ஜம்ப்"னு பேரையும் தோற்றத்தையும் ஒட்டி ஒருத்தர் ஐபோன்ல விட்டார். 2012 பிப்ரவரியில ஆப்பிள் அதைத் தூக்கிடுச்சு. இன்னைக்கு அதை யார் ஞாபகம் வச்சிருக்காங்க?

பொய் நம்பர் 3: இலவசமாக் கொடுத்தாங்க, கொட்டுச்சு

டெம்பிள் ரன் இலவசமா பிறக்கலை. 99 சென்ட்டுக்கு வித்தாங்க. அதுல முப்பது சதவீதம் ஆப்பிளுக்கு. முதல்ல கொஞ்சம் வித்துது, அப்புறம் பட்டியல்ல கீழ சறுக்க ஆரம்பிச்சுது. 2011 செப்டம்பர்ல விலையைத் தூக்கிட்டு, காசு வேணும்னா உள்ள வாங்கிக்கோன்னு மாத்துனாங்க. அந்த வருஷக் கடைசியில இலவசப் பட்டியல்ல முதல் இடம். 2012 மார்ச் 27-ல ஆண்ட்ராய்டு, மூணே நாள்ல பத்து லட்சம். 2013 ஜனவரியில வந்த ரெண்டாம் பாகம் நாலு நாள்ல 2 கோடி, ரெண்டு வாரத்துக்குள்ள 5 கோடி. 2014 ஜூன்ல எல்லாம் சேர்த்து 100 கோடியைத் தாண்டுச்சு.

அதாவது மூழ்கப் போற கப்பலைத் திருப்பி விட்ட முடிவு அது. இதை எடுத்தது எத்தனை பேர்? கம்பெனி அவங்களோடது, கேம் அவங்களோடது. விலையைச் சுழியாக்க யார்கிட்டயும் அப்ரூவல் கேக்கலை.

இதுக்காக அவங்களைச் சாமியாக்கிக் கற்பூரம் காட்டவும் நான் தயாரில்லை. முதல் பாகத்துல ஸ்கார்லெட் ஃபாக்ஸ்ங்கிற பொண்ணை எடுக்கணும்னா பத்தாயிரம் காசு. ஓடியே சேர்த்துடலாம், கௌரவமான வியாபாரம். ரெண்டாம் பாகத்துல விழுந்தா "என்னைக் காப்பாத்து"ன்னு ஒரு பொத்தான். ஒரு ரத்தினக்கல் கொடுத்தா உயிர் வரும். அதே ஓட்டத்துல திரும்ப விழுந்தா ரெண்டு, அப்புறம் நாலு, அப்புறம் எட்டு. நெஞ்சு படபடன்னு அடிக்கிற அந்த ரெண்டு நொடியில விலையை இரட்டிப்பாக்குறது கந்துவட்டிக்காரன் கணக்கு. இலவசங்கிற வார்த்தைக்கு விலை இப்படித்தான் வரும். ஆனா மேடையில இருக்குறவருக்கு இந்தக் கணக்கும் தெரியாது, அதுல இருக்குற அசிங்கமும் தெரியாது. அவருக்குத் தெரிஞ்சது நூறு கோடிங்கிற நம்பர் மட்டும்தான்.

சரி, நம்மகிட்ட எது இல்லை?

திறமை இல்லைன்னு மட்டும் சொல்லாதீங்க, கெட்ட கோபம் வரும். பெங்களூர்ல ராஜேஷ் ராவ் 1997-ல ஆரம்பிச்ச துருவா இன்டராக்டிவ், உலகத்தோட பெரிய பெரிய விளையாட்டுகளுக்கு இங்க உக்காந்தே காரும் கட்டடமும் வரைஞ்சு கொடுத்துது. 2017-ல சுவீடனோட ஸ்டார்ப்ரீஸ் வாங்குச்சு. 2019-ல அவங்ககிட்ட இருந்து ராக்ஸ்டார் வாங்கிடுச்சு. கை நம்மோடது. செஞ்ச பொம்மை யாரோடதோ.

நம்ம தொழிலே மணிக்கணக்கை விக்கிற தொழில். எட்டு மணி நேரம் பில் ஆச்சான்னுதான் கேள்வி. என்ன செஞ்சோம், அது நல்லா இருந்துச்சா, அது யாருக்குச் சொந்தம், இந்தக் கேள்விக்கெல்லாம் எக்செல்ல காலமே இல்லை. உழுதவன் கணக்குப் பார்த்தா உழக்குகூட மிஞ்சாதும்பாங்க. இங்க வாரா வாரம் வெள்ளிக்கிழமை கணக்குப் பார்க்குறாங்க. பயிர் எப்படி வளரும்?

சரி, ஆபீஸ்ல வேணாம், வீட்டுல ராத்திரி உக்காந்து பண்றேன்னு ஒரு பையன் சொன்னா? வேலைக்குச் சேர்ந்த அன்னைக்குக் கையெழுத்துப் போட்ட தாளை எடுத்துப் படிங்க. நான் பார்த்த ஒரு கம்பெனித் தாள்ல, வேலையில இருக்குற காலத்துல எங்க உக்காந்து எதை உருவாக்குனாலும் அது கம்பெனிக்கேன்னு ஒரு பாரா இருந்துச்சு. சனிக்கிழமை ராத்திரி மொட்டை மாடியில எழுதுன கோடும் அவங்களோடது! 2022-ல மூன்லைட்டிங்னு பெரிய சண்டை நடந்துச்சே, ஞாபகம் இருக்கா? போட்டிக் கம்பெனிக்கு வேலை பார்த்தாங்கன்னு 300 பேரை நீக்குனதா விப்ரோ தலைவர் ரிஷாத் பிரேம்ஜியே சொன்னார். போட்டியாளருக்கு வேலை பார்க்குறது தப்புன்னா சரி, அது வேற வழக்கு. ஆனா அந்தச் சண்டையில சொந்தமா எதையாவது செஞ்சு பார்க்குறவனும் சேர்ந்து பயந்தான். நிறையப் பேர் லேப்டாப்பை மூடி வச்சாங்க.

ஒரு கையால டெம்பிள் ரன் ஸ்லைடைப் போட்டுக்கிட்டு, இன்னொரு கையால அந்தப் பாராவுல கையெழுத்து வாங்குறாங்களே, இதுதான் எனக்குப் பத்திக்கிட்டு வருது. செய்யவும் விட மாட்டீங்க, செய்யலைன்னு திட்டவும் செய்வீங்களா?

"அவங்களுக்கு அதிர்ஷ்டம்பா, பழம் நழுவிப் பால்ல விழுந்துச்சு"ன்னு சில பேர் சொல்வாங்க. அதிர்ஷ்டம் இருந்துச்சு, மறுக்கலை. ஆப் ஸ்டோர் திறந்த நேரம் நல்ல நேரம். ஆனா அது தேடி வந்தப்போ அவங்க கையில ஏழு விளையாட்டு செஞ்ச அனுபவம் இருந்துச்சு. "நமக்கு வீட்டு லோன் இருக்கு, ஊருக்குப் பணம் அனுப்பணும்"னும் சொல்வாங்க. அதுவும் நியாயம்தான். அதனாலதான் வேலையை விட்டுட்டு வாங்கடான்னு நான் யாரையும் கூப்பிடலை. கேக்குறது ரொம்பச் சின்ன விஷயம்.

மேடையில இருக்குற பெரியவங்களே, அடுத்த தடவை அந்த ஸ்லைடைப் போடுறதுக்கு முன்னாடி, ஓடாமப் போன அந்த விளையாட்டுகளோட பேரையும் போடுங்க. பீட்சா வேணாம், அந்தப் பாராவை அடிங்க. ஆபீஸ் நேரத்துக்கு வெளிய, சொந்தப் பொட்டியில, உங்க தொழிலுக்குச் சம்பந்தமில்லாம செய்யறது செஞ்சவனுக்கேன்னு ஒரு வரி எழுதிக் கொடுங்க. பைசா செலவு இல்லை.

தம்பி தங்கச்சிகளே, நீங்க அந்தத் தாளை முதல்ல படிங்க, புரியலைன்னா கையெழுத்துக்கு முன்னாடி கேளுங்க. அப்புறம் சின்னதா எதையாவது செஞ்சு முடிச்சு வெளிய விடுங்க. ஓடலைன்னா அடுத்தது. நூறு கோடி ஸ்லைடைப் பார்த்துத் தலை குனியாதீங்க. அதுக்கு முன்னாடி ஒரு நீர்யானை தண்ணியில குதிச்சிருக்குன்னு ஞாபகம் வச்சுக்கோங்க.

டிஸ்கி: இந்தப் பதிவு முழுக்க ஞாயித்துக்கிழமை, என் சொந்தப் பொட்டியில தட்டுனது. இதுவும் கம்பெனிக்குச் சொந்தம்னா, பின்னூட்டத்துல விழப் போற திட்டையும் அவங்களே வாங்கிக்கட்டும் ;-)