அவசரப் பணத்தோட வேலை வளர்றது இல்லைங்க

1/
கையில் 3 லட்சமோ 5 லட்சமோ சும்மா இருக்கு. ஆறு மாசத்துலயோ ஒரு வருஷத்துலயோ தேவைப்படும். பிள்ளையோட காலேஜ் ஃபீஸ், வீட்டு அட்வான்ஸ், தங்கச்சி கல்யாணம். இல்லன்னா இன்னும் பேர் வைக்காத ஏதோ ஒரு அவசரம்.

அந்தப் பணத்தை எங்கே வைப்பது? அதுக்குத்தான் இந்த த்ரெட். கொஞ்சம் நீளம். பொறுமையா படிங்க.

2/
"டாக்டர், நீங்க எம்.பி.பி.எஸ். மருந்து பத்திப் பேசுங்க, பணத்தைப் பத்தி ஏன்?"

நியாயமான கேள்வி. தனியார் ஆஸ்பத்திரியில் கையிருப்பு தீர்ந்து, நாலாவது நாள் ஆம்புலன்ஸில் அரசு மருத்துவமனைக்கு வர்ற நோயாளிகளை நான் பார்க்கிறேன். அவங்களில் பலர் ஏழைகள் இல்லை. பணம் இருக்கு. ஆனா எடுக்க முடியாது. மனையில் கிடக்கும், சீட்டில் கிடக்கும், 5 வருஷம் கை வைக்க முடியாத பாலிசியில் கிடக்கும். அந்தக் குடும்பத்துக்கு இது நிதி விஷயம் மட்டும் கிடையாது.

3/
எங்க வார்டில் எமர்ஜென்சி டிரே ஒன்று இருக்கும். அட்ரினலின், அட்ரோபின் எல்லாம் அதில் இருக்கும். ஒவ்வொரு ஷிப்டிலும் எண்ணிப் பார்ப்போம். பல நாள் அதை யாரும் தொடக்கூட மாட்டார்கள். "சும்மாதானே இருக்கு, வேற எங்கயாவது பயன்படுத்தலாமே" என்று எந்த நர்ஸும் கேட்டதில்லை.

வேணும்கிற அந்த நிமிஷம் அது அங்கே இருக்கணும். அதோட வேலையே அதுதான். உங்க அவசரப் பணத்தோட வேலையும் அதேதான்.

4/
அதனால் இந்தப் பணத்துக்கு மூணே கேள்வி. வரிசை முக்கியம்.

ஒன்று: முதல் பத்திரமா இருக்குமா?
இரண்டு: கேட்ட நாளில் கைக்கு வருமா?
மூன்று: வட்டி எவ்வளவு?

நம்ம ஊர்ல எல்லாரும் மூணாவது கேள்வியில் ஆரம்பிக்கிறாங்க. விற்க வர்றவங்களும் அதைத்தான் விரும்புறாங்க.

5/
"சேவிங்ஸ் அக்கவுண்டில் வச்சா பணம் அழுகிப்போகும் சார்" என்று ரீல்ஸில் பயமுறுத்துவார்கள். கணக்கு போடுவோம்.

5 லட்சம், ஆறு மாசம். சேவிங்ஸில் 2.5 சதவீதம் என்றால் 6,250 ரூபாய். குறுகிய கால அரசுப் பத்திரத்தில் 5.5 சதவீதம் என்று வைத்துக்கொண்டால் 13,750. வித்தியாசம் 7,500. இது நல்ல காசு, விட வேண்டாம்.

6/
இப்போ ஒருத்தர் வந்து, "அதைவிட 1 சதவீதம் கூடத் தர்றேன்" என்கிறார். ஆறு மாசத்துக்கு அது 2,500 ரூபாய். அந்த 2,500-க்காக முழு 5 லட்சத்தையும் ஆபத்தில் வைக்கணுமா? இந்தக் கணக்கை அவர் உங்களுக்குப் போட்டுக் காட்ட மாட்டார். நீங்கதான் போடணும்.

7/
"இதெல்லாம் ஏமாளிகளுக்கு நடக்கிறது, நாங்க படிச்சவங்க" என்று நினைக்காதீங்க.

2022-ல் ஆருத்ரா விவகாரத்தில் சுமார் ஒரு லட்சம் பேரின் 2,400 கோடி ரூபாய்க்கு மேல் சிக்கியது. மாசம் 25, 30 சதவீதம் என்று ஆசை காட்டினார்கள். அதில் படித்தவர்களும் இருந்தார்கள், அரசு ஊழியர்களும் இருந்தார்கள்.

சரி, அது மோசடி. செபி அனுமதி பெற்ற இடத்தில் என்ன நடந்தது?

8/
2020 ஏப்ரல் 23. லாக்டவுன் தொடங்கி ஒரு மாசம். ஃபிராங்க்ளின் டெம்பிள்டன் ஒரே நாளில் 6 கடன் ஃபண்டுகளை மூடியது. சுமார் 25,000 கோடி ரூபாய் முடங்கியது. அதில் ஒன்றின் பெயரிலேயே "அல்ட்ரா ஷார்ட்" என்று இருந்தது.

குறுகிய காலம் என்று நம்பிப் போட்டவர்கள் கேட்ட நாளில் பணத்தை எடுக்க முடியவில்லை. அடுத்த வருஷத்தில் இருந்து தவணை தவணையாகத்தான் வந்தது. பணம் வந்தது உண்மை. ஆனா கொரோனா முதல் அலை அதுக்காகக் காத்திருக்கலையே?

9/
ஏன் அப்படி ஆச்சு? அந்த ஃபண்டுகள் கூடுதல் வட்டிக்காகத் தரம் குறைந்த கம்பெனிகளின் கடன் பத்திரங்களை வாங்கியிருந்தன. நெருக்கடி வந்ததும் அதை வாங்க ஆள் இல்லை. கூடுதல் வட்டி சும்மா வராது. அது ரிஸ்க்குக்கான கூலி.

10/
"அப்போ அரசுப் பத்திரம்னு பேர் இருந்தா போதுமா?"

போதாது! இங்கேதான் படிச்சவங்க விழறாங்க. "கில்ட் ஃபண்ட்" பெரும்பகுதி அரசுப் பத்திரம்தான். கடன் திரும்பி வராதோ என்ற பயம் இல்லை. ஆனா அதில் 10 வருஷம், 30 வருஷம் கழித்து முதிர்கிற பத்திரங்கள் இருக்கலாம். சந்தையில் வட்டி ஏறினால் பழைய பத்திரத்தின் விலை இறங்கும்.

11/
2022-ன் முதல் பாதியில் 10 வருஷ அரசுப் பத்திரத்தின் வட்டி சுமார் 6.5-ல் இருந்து 7.5 சதவீதத்துக்கு ஏறியது. ஒரு சதவீத ஏற்றத்துக்கு அந்த மாதிரிப் பத்திரத்தின் விலை சுமார் 7 சதவீதம் இறங்கும். 5 லட்சத்தில் 35,000.

அதே ஏற்றத்தில் 91 நாள் பத்திரம் கால் சதவீதம்தான் இறங்கும். முதிர்வு வரை வைத்திருந்தால் அதுவும் இல்லை.

மருந்து ஒன்றுதான், டோஸ் வேற. யார் கடன் வாங்கினார் என்பது பாதி. எத்தனை நாளுக்கு என்பது மீதிப் பாதி.

12/
சரி, எங்கேதான் வைக்கலாம்?

தேவைப்படும் தேதி தெரியும் என்றால், டிரஷரி பில். மத்திய அரசு வாங்குகிற குறுகிய காலக் கடன். 91, 182, 364 நாள் என்று மூன்று வகை. 100 ரூபாய் பில்லைக் குறைந்த விலைக்கு வாங்குவீர்கள், முதிர்வில் 100 வரும். 91 நாளுக்கு 5.5 சதவீதம் என்றால் சுமார் 98 ரூபாய் 65 காசு.

ரிசர்வ் வங்கியின் ரீடைல் டைரக்ட் தளத்தில் 10,000 ரூபாயில் இருந்து நேரடியாக வாங்கலாம். 2021 நவம்பரில் தொடங்கியது. கணக்குக்குக் கட்டணம் இல்லை, ஏஜென்ட் இல்லை. ஒரே எச்சரிக்கை: நடுவில் விற்பது சுலபம் இல்லை.

13/
தேதி தெரியாது என்றால், ஓவர்நைட் ஃபண்ட் அல்லது லிக்விட் ஃபண்ட். ஓவர்நைட்டில் பணம் ஒரே நாளில் முதிர்வதில் இருக்கும். லிக்விடில் 91 நாளுக்கு உட்பட்ட பத்திரங்கள். பொதுவாக அடுத்த வேலை நாளில் பணம் வந்துவிடும். லிக்விடில் முதல் 7 நாளுக்குள் எடுத்தால் சிறு கட்டணம் உண்டு.

லிக்விட் என்ற பேருக்காகவும் கண்ணை மூடாதீங்க. கம்பெனிப் பத்திரங்களும் உள்ளே இருக்கும். பெரும்பகுதி டிரஷரி பில்லாக வைத்திருக்கும் ஃபண்டா என்று மாதாந்திர ஃபேக்ட்ஷீட்டில் பாருங்க.

14/
ஒரு ஷார்ட்கட். ஒவ்வொரு கடன் ஃபண்டுக்கும் செபி கட்டாயமாக்கிய ரிஸ்க் கட்டம் ஒன்று உண்டு. எழுத்து கடன் ரிஸ்க்கைச் சொல்லும், எண் வட்டி ரிஸ்க்கைச் சொல்லும். ஏ-1 தான் இரண்டிலும் குறைவு. அவசரப் பணத்துக்கு அந்த மூலையை விட்டு நகராதீங்க.

15/
"எஃப்.டி. போதாதா டாக்டர்?"

தாராளமா போதும். ஒரு வங்கியில் ஒருத்தருக்கு 5 லட்சம் வரை இன்சூரன்ஸ் உண்டு. அசலும் வட்டியும் சேர்த்துத்தான் அந்த 5 லட்சம். 2020 பிப்ரவரிக்கு முன்னால் அது வெறும் 1 லட்சம்.

ஆனா 2020 நவம்பரில் நம்ம கரூரில் பிறந்த லட்சுமி விலாஸ் வங்கியில் 25,000-க்கு மேல் எடுக்க முடியாது என்று கட்டுப்பாடு வந்தது. பத்து நாளில் டி.பி.எஸ்.ஸுடன் இணைந்து நீங்கியது. பணம் போகல. ஆனா அந்தப் பத்து நாளில் ஃபீஸ் கட்ட வேண்டியவர் என்ன செய்வார்? அதனால் எல்லாத்தையும் ஒரே வங்கியில் வைக்காதீங்க.

16/
வரி? 2023 ஏப்ரலுக்குப் பிறகு வாங்கிய இந்த வகை ஃபண்டுகளின் லாபத்துக்கு உங்க வருமான வரி விகிதமே பொருந்தும். எஃப்.டி. வட்டிக்கும் அப்படித்தான். "வரி மிச்சம்" என்று யாராவது விற்றால், பழைய பிட் நோட்டீஸைக் கையில் வைத்திருக்கிறார் என்று அர்த்தம்.

17/
இப்படிப் பிரிக்கலாம். ஒரு மாசச் செலவு சேவிங்ஸில். அடுத்த சில மாசத்துக்கானது ஓவர்நைட் அல்லது லிக்விடில், கமிஷன் இல்லாத டைரக்ட் பிளானில். தேதி தெரிந்த செலவு டிரஷரி பில் அல்லது எஃப்.டி.யில். நீண்ட காலப் பணத்துக்கு வேற பேச்சு, அதை இதோடு கலக்காதீங்க.

18/
பணம் போட வாங்க என்று கூப்பிடுகிற யாரிடமும் ஒரு கேள்வி கேளுங்க. "நாளைக்கு ராத்திரி எங்க அம்மாவை ஐ.சி.யூ.வில் சேர்த்தா, இந்தப் பணம் எத்தனை நாளில் முழுசா என் கைக்கு வரும்?"

நாள் கணக்கில் பதில் சொன்னால் மேலே பேசுங்க. வட்டிக் கணக்கில் பதில் சொன்னால் எழுந்து வாங்க.

19/
கடைசியா ஒண்ணு. பணம் எங்கே இருக்கு, எப்படி எடுக்கணும்னு வீட்டில் இன்னொருத்தருக்கும் தெரியணும். நாமினி பெயர் இருக்கா என்று இன்னைக்கே பாருங்க. படுக்கையில் கிடப்பது நீங்களாகவும் இருக்கலாம்.

கேள்வி இருந்தா கீழே கேளுங்க, டியூட்டி முடிச்சிட்டு பதில் சொல்றேன்.