நிழலில் நின்ற நடிகர்

பெரும்புகழ் பெற்றாரையே பாடிப் பழகிவிட்டது நம் நாடு. அவர் அருகில் நின்று தோள்கொடுத்தாரை என்றேனும் எண்ணிப் பார்த்ததுண்டா? காக்கா இராதாகிருட்டிணனையே எடுத்துக்கொள்வோம்.

சிறார் நாடகக் குழுவில் வளர்ந்தவர் அவர். சிவாசி கணேசனின் இளமைத் தோழர். பாட்டே படத்தைத் தாங்கிய காலத்தில் வந்த 'மங்கையர்க்கரசி' (1949) அவர் பெயர்முன் 'காக்கா'வை ஒட்டியது. மு. கருணாநிதி உரையாடல் தீட்டிய 'மனோகரா'வில் (1954) கணேசன் அடுக்குமொழியால் அரங்கை அதிரவைத்தார். இவரோ அசட்டு வசந்தனாக வந்து சிரிக்கவைத்தார். 38 ஆண்டுகள் உருண்டோடின. அடுக்குமொழி போய் ஊர்ப்பேச்சு திரையேறியது. 'தேவர் மகன்' (1992) படத்தில் அவ்விருவரும் பகைகொண்ட உடன்பிறந்தாராய்த் தோன்றினர். பெயரிலேயே தமிழைத் தொலைத்த 'வசூல்ராசா எம்.பி.பி.எசு.' (2004) படத்திலும் இவர் நடித்தார், 2012-இல் மறைந்தார்.

காலங்கள் மாறியும் அவர் நிலைத்தது எதனால்? மேடை தந்த நாப்பயிற்சியால் அன்றோ! கடைசி வரிசையில் இருப்பாரும் ஒவ்வொரு சொல்லையும் தெளிவுறக் கேட்கவேண்டும் என்பதே அக்குழுக்களின் முதற்பாடம். இன்று அக்குழுக்கள் இல்லை. லகர ளகர ழகரங்களைக் குழப்பும் நாக்குகளே திரையில் மலிந்துள்ளன.

தமிழன்பர்களே! எஞ்சியிருக்கும் முதுநடிகர்களின் இல்லம் தேடிச் செல்லுங்கள். அவர்தம் பட்டறிவைக் கேட்டுப் பதிந்து வையுங்கள். தலைவனை மட்டுமே எழுதுவது விளம்பரம்; துணை நின்றாரையும் எழுதுவதே வரலாறு.